எங்கள் ஹவுசிங் அம்மா

சென்ற வியாழக்கிழமை காலையில் ராஜபாளையத்தில் முடிதிருத்தும் கடையில் உட்கார்ந்திருந்தேன். ஒரு கன்னம் மழித்தாகிவிட்டது, மறு கன்னத்தில் சோப்பு நுரை. சட்டைப் பையில் கைபேசி அடித்தது. கடைக்காரர் கணேசன் அதை எடுத்து என் காதருகே பிடித்தார்.

"மாமா, பியூலா பேசுதேன். அத்தை போயிட்டாங்க மாமா. காப்பி குடிச்சிட்டு டம்ளரைக் கீழ வச்சாங்க. அம்புட்டுதான்."

பியூலா, எஸ்தர் ஞானமணி அம்மையாரின் தம்பி மகள். ஸ்ரீவில்லிபுத்தூரில் அம்மையாரோடு இருந்து கடைசிவரை அவரைப் பார்த்துக்கொண்டவள். "சரிம்மா, வாரேன்" என்று மட்டும் என்னால் சொல்ல முடிந்தது. நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன்.

"அண்ணாச்சி, பாதி முகத்தோட எங்க கெளம்புதீய?" என்று கணேசன் என் தோளைப் பிடித்தார். விஷயத்தைச் சொன்னேன். அவர் கத்தியைத் துடைத்து மேசையில் வைத்தார்.

"யாரு, நம்ம ஹவுசிங் அம்மாவா? நான் பொறந்ததே அவிய குடுத்த வீட்டுலதான அண்ணாச்சி."

என்னைத் திரும்ப உட்கார வைத்தார். மறு கன்னத்தையும் மழித்து முடித்து, துண்டால் ஒற்றி, நிறுத்தம்வரை வந்து என்னைப் பேருந்து ஏற்றிவிட்டார்.

இதை எழுதும் நான் அம்மையாருக்கு உறவினன் அல்லன். அவருடைய கட்சிக்காரனும் அல்லன். அவரை எதிர்த்து இரண்டு தேர்தல்களில் நின்றவன். ஒன்றில் தோற்றேன், ஒன்றில் வென்றேன். "நீங்க எழுதுனா நல்லாவா இருக்கும்?" என்று என் மகன் கேட்டான். அம்மையார் அடுத்து என்ன சொல்லப்போகிறார், என்ன செய்யப்போகிறார் என்று என் வாழ்நாளில் பாதியை யோசித்தே கழித்திருக்கிறேன். நான் எழுதாமல் வேறு யார் எழுதுவது?

அம்மையாரின் தகப்பனார் காவல்துறையில் ஏட்டாக இருந்தவர். அடிக்கடி மாற்றல். சிறு வயது முழுவதும் காவலர் குடியிருப்புகளில் கழிந்தது. "ஒவ்வொரு வீட்டுலயும் அம்மா காலண்டர் மாட்ட ஒரு ஆணி அடிப்பாங்க. அரசாங்கச் சுவத்துல ஆணி அடிக்கக் கூடாதுன்னு அப்பா சத்தம் போடுவாங்க. அந்தச் சண்டை முடியுறதுக்குள்ள அடுத்த ஊருக்கு ஆர்டர் வந்துரும்" என்று சிரித்துக்கொண்டே சொல்வார். படித்து முடித்து அரசாங்க வேலைக்கு வந்தபோது அவருக்குக் கிடைத்தது குடியிருப்புத் திட்டம், ஊர் வாயில் 'ஹவுசிங்'. ஏழைத் தொழிலாளர்களுக்கு அரசே வீடு கட்டிக் கொடுக்கும் என்பதை எங்கள் பக்கத்தில் பலர் நம்பாத காலம் அது. ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவே ஒரு சிறு பேரூராட்சியில் முதல் காலனி எழுந்தது. அதற்குப் பொறுப்பாக வந்த அதிகாரி ஓர் இளம்பெண் என்று கேள்விப்பட்டு, மில்லில் ஷிப்ட் முடிந்ததும் கும்பலாகப் பார்க்கப் போனோம். கைத்தறிச் சேலை, ஆண்கள் கட்டுகிற பெரிய கைக்கடிகாரம், காலில் டயர் செருப்பு. எங்களைப் பார்த்ததும், "வீடு பாக்க வந்தீகளா, என்னையப் பாக்க வந்தீகளா?" என்று கேட்டார். கும்பல் கலைந்துவிட்டது.

நான் அப்போது மில் சங்கத்தில் இருந்தேன். வீடுகளைப் பணிமூப்புப்படி கொடுக்க வேண்டும் என்பது எங்கள் கோரிக்கை. குலுக்கல் முறையில்தான் கொடுப்பேன் என்றார் அவர். சங்கத்தின் சார்பில் நான்தான் பேசப் போனேன்.

"இருபது வருஷம் பஞ்சுல மூச்சுத் திணறுனவனும் நேத்து வந்தவனும் ஒண்ணா மேடம்?"

"மில்லு வேலையில முதல்ல சேந்தது யாரு தலைவரே? ஏற்கெனவே உள்ள இருந்தவனோட மச்சானும் மருமகனும்தான? தெருக் கூட்டுறவங்க எந்த மூப்புல வருவாங்க?"

அன்று ஆரம்பித்தது 'தலைவரே'. கிண்டலாகத்தான் ஆரம்பித்தது. கடைசிவரை என்னை அவர் வேறு எதுவும் சொல்லிக் கூப்பிட்டதில்லை.

குலுக்கல் நடந்தது. எனக்கும் ஒரு வீடு விழுந்தது. என் வீட்டுக்கு எதிர்வீடு கருப்பாயி என்ற துப்புரவுத் தொழிலாளிக்கு விழுந்தது. கருப்பாயியின் பக்கத்து வீட்டுக்காரர் முத்தையா, எங்கள் மில்லில் நூற்புப் பகுதியில் வேலை பார்த்தவர். ஒரு மாதம்கூட ஆகியிருக்காது. தங்கள் தங்கள் ஆட்களோடு ஒரே தெருவில் இருக்க வேண்டும் என்று பலரும் தமக்குள் வீடுகளை மாற்றிக்கொள்ள ஆரம்பித்தார்கள். முத்தையாவும் வேறொரு தெருவில் ஆள் பார்த்துப் பேசி முடித்துவிட்டார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நண்பகலில் அம்மையார் வந்தார். ஒதுக்கீட்டை ரத்து செய்யும் அதிகாரம் அவருக்கு இருந்தது. எல்லோரும் அதைத்தான் எதிர்பார்த்துப் பயந்திருந்தோம். அவர் தெரு நடுவில் நின்று எங்களை வெளியே கூப்பிட்டார். கருப்பாயி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு தன் வாசலில் நின்றாள்.

"வீடு மாத்திக்கணும்னா தாராளமா மாத்திக்கிடுங்க. நானே எழுதித் தாரேன். ஆனா எதுக்கு மாத்துறீகன்னு காரணத்தை இங்கனயே சொல்லணும். பக்கத்து வீட்டுக்காரங்க முகத்தைப் பாத்துச் சொல்லணும்."

தெரு அப்படியே நின்றது. கருப்பாயி மெல்லக் கேட்டாள்: "அம்மா, நான் உள்ள போகட்டுமா?"

"செத்த நேரம் நில்லு தாயி."

முத்தையா மட்டும் முன்னால் வந்தார். கருப்பாயியைப் பார்த்தார். பிள்ளையைப் பார்த்தார். "தண்ணிக் குழாய் தூரமா இருக்கு மேடம்" என்றார். குழாய் அவர் வீட்டு வாசலில்தான் இருந்தது. யாரோ சிரித்தார்கள். முத்தையா முகம் சிவந்து, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டார். அதற்குப் பின் அந்தத் தெருவில் யாரும் மாறவில்லை.

இதைக் கேட்பவர்கள் எல்லோரும் அம்மையாரைப் பாராட்டுவார்கள். அவர் மட்டும் பாராட்டை ஏற்றுக்கொள்ள மாட்டார். "அந்தக் கருப்பாயிய நடுத்தெருவுல நிக்க வச்சிட்டேனே தலைவரே. வேற வழி அன்னைக்கு எனக்குத் தோணல" என்று பல வருடங்கள் கழித்தும் சொல்லுவார். சுவரில் ஆணி அடிக்கக் கூடாது என்று அச்சடித்து வந்த விதியை அவரே பேனாவால் அடித்துவிட்டு, முதல் ஆணியைக் கருப்பாயி வீட்டில் தன் கையால் அடித்துக் கொடுத்ததும் அதே மாதத்தில்தான்.

காலனியில் இரண்டாம் கட்ட வீடுகள் எழுந்தபோது செல்வாக்குள்ள ஒருவர் தன் ஆட்களுக்குச் சில வீடுகள் கேட்டார். அம்மையார் மறுத்தார். சில வாரங்களில் அவருக்கு வடக்கே ஒரு மாவட்டத்துக்கு மாற்றல் வந்தது. எங்கள் சங்கம் அவருக்காக ஊர்வலம் போகத் தயாராக இருந்தது. நான் போய்ச் சொன்னபோது அவர் ராஜினாமாவே கொடுத்துவிட்டிருந்தார்.

"சின்னப் பிள்ளையில இருந்து ஊர் ஊரா பெட்டி கட்டி அலுத்துப் போச்சு தலைவரே. இந்தத் தடவை நான் போகல."

"அப்போ சாப்பாட்டுக்கு?"

"நீங்க ஊர்வலத்துக்கு ஆள் சேக்குற மாதிரி நானும் ஏதாவது ஒரு கட்சியில சேந்து ஆள் சேக்கறேன்."

வேடிக்கைக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். அடுத்த பேரூராட்சித் தேர்தலில், என் கட்சி என்னைத் தலைவர் பதவிக்கு நிறுத்தியது. எதிரே இன்னொரு கட்சியின் சார்பில் அவர் நின்றார். பிரசாரத்தின்போது காலனி டீக்கடையில் இரண்டு கூட்டமும் ஒரே நேரத்தில் வந்து சேர்ந்தன. இரண்டு கொடி, ஒரே பெஞ்சு. அவர் எனக்கும் சேர்த்து டீ சொல்லிவிட்டு, "தலைவரே, போன மாசம்தான் வெள்ளையடிச்ச சுவரு. உங்க போஸ்டரை ஒட்டி நாசம் பண்ணிட்டாங்க. தோத்த பொறவு வந்து சொரண்டிருங்க" என்றார். தோற்றேன். சுரண்டுவதற்கு ஆள் அனுப்பினேன். அங்கே அவரே சேலையை இழுத்துச் சொருகிக்கொண்டு, தன் கட்சிப் போஸ்டர்களைச் சுரண்டிக்கொண்டிருந்ததாக வந்து சொன்னார்கள்.

தலைவராக அவர் செய்த நல்ல காரியங்களைக் கட்சிக்காரர்கள் இரங்கல் கூட்டத்தில் சொன்னார்கள். சொல்லாமல் விட்ட ஒன்றைத்தான் நான் எழுத வேண்டும். அதை மறைப்பது அவருக்குப் பிடிக்காது.

ஐப்பசி மழையில் எங்கள் ஊர் ஓடை கரை மீறிப் பாய்ந்து ஓரத்துக் குடிசைகளுக்குள் புகுந்தது. உயிர்கள் மயிரிழையில் தப்பின. அங்கிருந்தவர்களைக் கிளப்பியே ஆக வேண்டும் என்று அம்மையார் முடிவு செய்தார். போலீசைக் கூப்பிடவில்லை. குடிசை குடிசையாகத் தானே போய் உட்கார்ந்து பேசினார். ஊர் எல்லையில் ஒரு மேட்டு நிலத்தில் வீடு கட்டித் தருவதாகவும், அதுவரை பக்கத்திலேயே தகரக் கொட்டகைகளில் இருக்கும்படியும் சொன்னார். "அம்மா சொன்னாச் சரி" என்று எல்லோரும் சாமான்களைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார்கள்.

வீட்டு வேலையை எடுத்த ஒப்பந்ததாரர் பாதியில் விட்டுவிட்டு ஓடினார். அடுத்தவரைப் பிடிப்பதற்குள் கோடை வந்து போனது. தகரம் வெயிலில் கொதித்தது, மழையில் ஒழுகியது. அம்மையார் அலையாத அலுவலகம் இல்லை. அடுத்த மழையும் வந்தது. கொட்டகைக்குள் முழங்கால் சேற்றில் நின்றுகொண்டிருந்த சுடலைமுத்து என்ற வண்டித் தொழிலாளி, பார்க்க வந்த அவரிடம் சத்தம் போடாமல் சொன்னார்:

"ஓடை ஓரத்துல இருந்தப்ப வருசத்துல ஒரு நாளுதான் நனைஞ்சோம்மா."

நானும் அங்கே நின்றேன். எதிர்க்கட்சிக்காரனாக வேடிக்கை பார்க்கத்தான் போயிருந்தேன். எதற்கும் பதில் வைத்திருக்கிற அம்மையார் அன்று குடையை மடக்கிவிட்டு மழையில் நடந்து போனார்.

அடுத்த தேர்தலில் நான் வென்றேன். வாழ்த்துச் சொல்ல வந்தார். "அந்தக் கொட்டகையில நான் இருந்திருந்தா எனக்கே ஓட்டுப் போட்டிருக்க மாட்டேன். நல்லாப் பண்ணுங்க தலைவரே" என்று சொல்லி ஒரு எலுமிச்சம்பழத்தை என் கையில் வைத்தார்.

அதோடு போய்விடுவார் என்று நினைத்தவர்களில் நானும் ஒருவன். மறு வாரம் மக்கள் குறை கேட்கும் நாளில், அலுவலக வராண்டாவில் மனு கொடுப்பவர்கள் உட்காரும் பெஞ்சில் அவர் உட்கார்ந்திருந்தார். நான் ஓடிவந்து உள்ளே கூப்பிட்டேன்.

"எனக்கு முன்னாடி இந்த அம்மா வந்திருக்காங்க. அதுக்கு முன்னாடி அந்தப் பெரியவர். என் முறை வரட்டும், வாரேன்."

முறை வந்ததும் என் முன்னால் நின்று, கொட்டகைக்காரர்களின் வீடு என்ன ஆயிற்று என்று கேட்டார். நான் உட்கார்ந்திருந்த நாற்காலியில் முந்தைய மாதம்வரை அவர்தான் உட்கார்ந்திருந்தார். எழுந்து நின்றேன். "உக்காருங்க தலைவரே, நாற்காலி உக்காரத்தான்" என்றார். வாரம் தவறாமல் வந்தார். சில வாரங்களில் எனக்கு எரிச்சலாக இருக்கும். ஏதாவது ஒரு வாரம் தாமதமானால் பெஞ்சை எட்டிப் பார்ப்பேன். ஒரு வேலை நகர்ந்திருந்தால் அதை அவரிடம் சொல்வதற்காகவே அந்த நாளை எதிர்பார்ப்பேன். அந்த வீடுகள் எழுந்தது என் ஆட்சியில் என்று கல்வெட்டு சொல்கிறது. கல்வெட்டில் எழுத முடியாதது அந்தப் பெஞ்சு.

திறப்பு விழாவுக்குச் சென்னையிலிருந்து பெரியவர்கள் வந்திருந்தார்கள். மேடையில் அவருக்கும் ஒரு நாற்காலி போட்டிருந்தேன், ஆளைக் காணவில்லை. ஒரு வீட்டுக்குள் தண்ணீர் கொட்டும் சத்தம் கேட்டது. போய்ப் பார்த்தால், அது சுடலைமுத்துவின் வீடு. அவர் மனைவி வாளியும் கையுமாக நிற்க, அம்மையார் தரையில் குத்தவைத்துத் தண்ணீர் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"தலைவரே, குளியலறைத் தண்ணி அடுப்படிக்குப் போகுது. எல்லா வீட்டுலயும் இப்படித்தான் இருக்கும். மேடையில என்ன பேசப்போறீக?"

மேடையில், சென்னைப் பெரியவர்கள் முன்னிலையில், தளத்தை உடைத்து மறுபடி போட்டுத் தருவோம் என்று நான் அறிவிக்க வேண்டியதாயிற்று. கைதட்டல் அதற்குத்தான் பலமாக விழுந்தது. விழா முடிந்து மறுபடி அங்கே போனேன். சுடலைமுத்து ஒரு முக்காலியைத் துடைத்துப் போட்டு, "உக்காருங்கம்மா. நம்ம வீடுதான்" என்று சொல்லிக்கொண்டிருந்தார். அம்மையார் உட்கார்ந்தார். முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அவர் அழுது நான் பார்த்தது அந்த ஒரு தரம்தான். சுடலைமுத்து என்னைப் பார்த்து, வெளியே இருக்கும்படி கையால் சைகை காட்டினார். வெளியே வந்து நின்றேன்.

பிறகு காலம் எங்கள் இருவரையும் ஓரமாக உட்கார வைத்தது. கட்சிகளுக்குப் புது ஆட்கள் வந்தார்கள். என் மனைவி இறந்த பின், நான் மகன் வீட்டோடு ராஜபாளையத்துக்கே வந்துவிட்டேன். அம்மையார் ஸ்ரீவில்லிபுத்தூரில் இருந்தார். சனிக்கிழமை தோறும் பேருந்து ஏறி அவரைப் பார்க்கப் போவேன். அவருக்குக் காது மந்தமாகிவிட்டதால் அரசியலைக் கத்தித்தான் பேச வேண்டும். புதிதாகக் குடிவந்த பக்கத்து வீட்டுக்காரர் ஒரு நாள் பதறிப்போய் ஓடிவந்து, "என்ன சார், வயசான அம்மாகிட்ட இப்படிச் சண்டை போடுதீங்க?" என்று என்னைக் கேட்டார். அம்மையாருக்கு அது கேட்டுவிட்டது. "சண்டைதான் போடுதோம். நீங்க போங்க தம்பி, இன்னும் முடியல" என்றார். பியூலா சமையல் அறையில் சிரித்துச் சிரித்து, வேலை ஓடாமல் அடுப்பை அணைத்துவிட்டாள்.

போன தை மாதம் காலனியைப் பார்க்க வேண்டும் என்றார். ஆட்டோவில் கூட்டிப்போனேன். மாடி எடுத்து, கிரில் வைத்து, டைல்ஸ் பதித்து, அவர் கட்டிய வீடுகள் அடையாளம் தெரியாமல் வளர்ந்திருந்தன. பழையபடியே இருந்த ஒரு வீட்டின் முன் ஆட்டோவை நிறுத்தச் சொன்னார். ஓர் இளம்பெண் வெளியே வந்தாள்.

"யாரு வேணும் ஆச்சி?"

"வீடு பாக்க வந்தோம்மா."

"வாடகைக்கா? நாங்க அடுத்த மாசம் கிருஷ்ணன்கோவிலுக்குப் போறோம். அவருக்கு அங்க காலேஜ் பஸ்ஸு ஓட்டுற வேலை. உள்ள வந்து பாருங்க."

அம்மையார் என் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனார். சுவர்களைத் தடவிப் பார்த்தார். அந்தப் பெண் காட்டிக்கொண்டே வந்தாள். "காத்து நல்லா வரும் ஆச்சி. அடுப்படிதான் ரொம்பச் சின்னது. எந்தப் புண்ணியவான் கட்டுனானோ, ஒரு ஆளு திரும்ப முடியாது."

எனக்குப் பொறுக்கவில்லை. இவர் யார் தெரியுமா என்று சொல்ல வாயெடுத்தேன். அம்மையார் என் கையை இறுக்கினார். பிறகு அந்தப் பெண்ணிடம் சொன்னார்: "ஆமாம்மா. சின்னதுதான். இன்னும் ரெண்டு அடி தள்ளிக் கட்டுங்கன்னு அப்பவே எம்புட்டோ கேட்டேன். பிளான்ல எடமில்லைன்னுட்டாங்க."

அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. சிரித்துவைத்தாள். தண்ணீர் கொடுத்தாள். ஆட்டோவில் திரும்பும்போது அம்மையார் தலையை நீட்டி அந்தத் தெருவைத் திரும்பிப் பார்த்தார். பிறகு, "காத்து நல்லா வருதுன்னா, கேட்டீகளா?" என்றார். அந்தப் பெண் சொன்னதில் அவருக்குக் காதில் விழுந்தது அதுவும் இதுவுமாகக் கொஞ்சம்தான். அதில் காற்றைப் பற்றிய வார்த்தை விழுந்தது எனக்கு நிம்மதியாக இருந்தது.

வெள்ளிக்கிழமை பிற்பகல் தேவாலயத்தில் ஆராதனை முடிந்து அடக்கம் நடந்தது. இரண்டு கட்சிக் கொடிகளும் வந்திருந்தன. ராணுவத்திலிருந்து விடுமுறையில் வந்திருந்த சுடலைமுத்துவின் பேரன் பெட்டியின் முன்பக்கத்தைச் சுமந்தான். பேசச் சொல்லி என்னைக் கூப்பிட்டார்கள். நான் எழுந்து போய் நின்றேன். பேசுவதற்கு எனக்கு எதிரே உட்கார்ந்திருக்க வேண்டியவர் இல்லை. வணங்கிவிட்டு வந்துவிட்டேன்.

மறுநாள் சனிக்கிழமை. வீட்டில் இருக்க முடியவில்லை. குளித்துச் சட்டை மாட்டிப் பேருந்து ஏறி, வழக்கமான நேரத்துக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் அந்த வீட்டு வாசலில் போய் நின்றேன். பியூலா கதவைத் திறந்தாள். உள்ளே போனால் எனக்கு இலை போட்டிருந்தது.

"வருவீகன்னு தெரியும் மாமா" என்றாள்.

உட்கார்ந்து சாப்பிட்டேன். அவள் பரிமாறினாள். வீடு அவ்வளவு அமைதியாக இருந்து நான் கண்டதில்லை. ரசம் ஊற்றிக்கொண்டிருந்தவள் திடீரென்று நிமிர்ந்து, குரலை உயர்த்தி, "மாமா, உங்க கட்சிக்காரங்க இந்த வருசம் பண்றது ஒண்ணும் சரியில்ல" என்றாள்.

அவள் வாழ்நாளில் அரசியல் பேசியதில்லை. நான் அவளைப் பார்த்தேன். அடுத்து என்ன சொல்வது என்று அவளுக்குத் தெரியவில்லை. கரண்டியைப் பிடித்தபடி, நான் சண்டைக்கு வருவேன் என்று காத்துக்கொண்டு நின்றாள்.

"ஆமாம்மா," என்றேன். "சரியில்லதான்."

அம்மா, இத்தனை வருடத்தில் உங்களிடம் ஒரு தடவைகூட நான் சொல்லாத வார்த்தை அது. உங்களுக்கு என் வணக்கம். அமைதியாக உறங்குங்கள்.